தவளா தந்த வீரசேனாசாரியார்

அருகப் பெருமானின் திவ்யத்தொனியில் தோன்றிக் கணதரர்களால் பன்னிரண்டு அங்கங்களாக வகுக்கப்பெற்ற ஆகமச் செல்வம், பல நூற்றாண்டுகள் எழுதப்படாமலே வாழ்ந்து வந்தது. ஆசிரியர் ஓத மாணாக்கர் கேட்டு நெஞ்சில் நிறுத்துவதே அக்காலக் கல்வி முறை. கேட்டு அறியப்பெற்றமையால் அதற்குச் சுருதம் என்று பெயர். மாந்தரின் நினைவாற்றல் குறையக் குறையச் சுருதமும் குறைந்தது. எஞ்சிய சிறு பகுதியாவது அழியாதிருக்க வேண்டும் என்று அதனை ஏட்டில் ஏற்றியவர்கள் புஷ்பதந்தரும் பூதபலியும் ஆவர். அவர்கள் சூத்திரமாகச் சுருக்கி வைத்ததைப் பின்வருவோர் உணருமாறு விரித்துரைத்தவர் வீரசேனாசாரியார். அவ்விரிவுரைக்குத் தவளா என்று பெயர். வெண்மையானது, மாசற்றது என்பது அச்சொல்லின் பொருள்.

அப்பெருமுனிவரின் வாழ்வையும், அவர் இயற்றிய நூல் வண்ண ஓவியங்களோடு கூடிய பனையோலைச் சுவடியாகி நம் காலம் வரை வந்து சேர்ந்த வரலாற்றையும் சிராவக சிராவகியர் அறியுமாறு இக்கட்டுரையில் எடுத்துரைக்க முற்படுகிறோம். சுருத பஞ்சமியன்று ஏட்டிற்கு அட்சதையும் மலரும் இட்டு வணங்கும் நாம், அவ்வேடு எத்தனை பேரின் உழைப்பால் நமக்குக் கிடைத்தது என்பதையும் அறிந்திருத்தல் நன்று.

ஏட்டில் ஏறிய சுருதம்

வீரசேனரின் பெருமையை உணர்வதற்கு, அவருக்குப் பல நூற்றாண்டுகள் முற்பட்ட நிகழ்ச்சியொன்றை முதலில் அறிதல் வேண்டும். அதனைத் தம் நூலின் தொடக்கத்தில் எழுதி வைத்தவரும் வீரசேனரே.

சௌராஷ்டிர நாட்டுக் கிரிநார் மலையில் சந்திர குகையில் தரசேனாசாரியார் என்னும் முதுமுனிவர் வாழ்ந்து வந்தார். அங்க பூர்வங்களின் ஒரு பகுதியைக் குருமரபு வழியாகக் கேட்டறிந்தவர் அவர். தமக்குப் பின் அவ்வறிவு மறைந்துவிடுமோ என அஞ்சித் தென்னாட்டு முனிவர் பேரவைக்கு ஓலை விடுத்தார். அவையினர் கற்றதை நிலைநிறுத்தும் ஆற்றல் மிக்க இரு முனிவரைத் தேர்ந்து அனுப்பினர்.

வந்தவர்களைத் தரசேனர் உடனே பாடத்தில் அமர்த்தவில்லை. ஒருவருக்கு எழுத்து மிகுந்த மந்திரத்தையும் மற்றவருக்கு எழுத்துக் குறைந்த மந்திரத்தையும் கொடுத்து ஜபிக்கச் செய்தார். ஒருவர் முன் பற்கள் நீண்ட தேவதையும், மற்றவர் முன் ஒற்றைக்கண் தேவதையும் தோன்றின. தேவர்களுக்கு உறுப்புக் குறை இராதே என்று இருவரும் எண்ணிப் பார்த்தனர். மந்திர இலக்கணத்தை நினைவுகூர்ந்து, மிகுந்த எழுத்தை நீக்கியும் குறைந்த எழுத்தைச் சேர்த்தும் மீண்டும் ஜபித்தனர். தேவதைகள் தம் இயல்பான உருவில் தோன்றின. அதன் பின்னரே தரசேனர் அவர்களுக்குச் சித்தாந்தம் கற்பித்தார்.

ஆசிரியப் பயிற்சி பெற்றுப் பல்லாண்டுகள் வகுப்பறையில் நின்ற நமக்கு இந்நிகழ்ச்சி மிகவும் உவப்பானது. கொடுத்ததை அப்படியே ஒப்பிக்கும் மாணாக்கனைத் தரசேனர் தேடவில்லை. பிழையைத் தானே கண்டு, ஆராய்ந்து, திருத்திக்கொள்ளும் மாணாக்கனையே தேடினார். பின்னாளில் வீரசேனரிடம் நாம் காணப்போகும் குணமும் இதுவே.

கல்வி முடிந்ததும் இருவரும் விடைபெற்று அங்குலேசுவரத்தில் மழைக்காலத்தைக் கழித்தனர். பின்னர்ப் புஷ்பதந்தர் வனவாசி நாட்டிற்கும், பூதபலியார் திரமிள நாடாகிய நம் தமிழகத்திற்கும் சென்றனர். புஷ்பதந்தர் 177 சூத்திரங்களை இயற்றி, ஜினபாலிதர் என்னும் தம் மாணாக்கர் வழியாகப் பூதபலியாருக்கு அனுப்பினார். புஷ்பதந்தருக்கு ஆயுள் சிறிதே எஞ்சியுள்ளது என்று உணர்ந்த பூதபலியார் எஞ்சிய பகுதியைத் தாமே இயற்றி முடித்தார். ஆறு கண்டங்களாக அமைந்த அந்நூலே ஷட்கண்டாகமம். அது ஏட்டில் எழுதப்பெற்று நால்வகைச் சங்கத்தாராலும் வணங்கப்பெற்ற நாள் ஜ்யேஷ்ட மாத வளர்பிறை ஐந்தாம் நாள். அதுவே நாம் கொண்டாடும் சுருத பஞ்சமி. அந்நூலின் பெரும்பகுதியைத் தந்தவர் தமிழகம் நோக்கி வந்த முனிவர் என்பதை நம் சிறுவர் சிறுமியர் அவசியம் அறிதல் வேண்டும்.

வீரசேனரின் கல்வி

துறவோர்க்குக் குருமரபே குலம். வீரசேனர் பஞ்சஸ்தூப அந்வயத்தைச் சேர்ந்தவர். இம்மரபு பிற்காலத்தில் சேன கணம் என வழங்கலாயிற்று. அவருடைய குரு ஆரியநந்தி. குருவின் குரு சந்திரசேனர். சித்தாந்தம், யாப்பு, சோதிடம், இலக்கணம், பிரமாணம் என்னும் அளவை நூல் ஆகிய ஐந்திலும் அவர் வல்லவர் என்பது தவளாவின் இறுதிப் பகுதியால் தெரிகிறது.

சித்தாந்தத்தில் ஆழ்ந்த பயிற்சி பெற வேண்டி வீரசேனர் சித்திரகூடபுரத்தில் இருந்த ஏலாசாரியாரை அடைந்தார். அவரிடம் பாடம் கேட்டு முடித்தபின் வாடகிராமம் என்னும் ஊருக்கு வந்து, ஆனதேந்திரன் எடுப்பித்த ஜினாலயத்தில் தங்கினார். அவ்வூர் நாசிக் வட்டாரத்தது என்பாரும், இன்றைய வடோதரா என்பாரும் உளர். அங்கே பப்பதேவர் இயற்றிய பழைய உரையொன்று அவருக்குக் கிடைத்தது. அதனைக் கற்று, அதனோடு தாம் கேட்டறிந்தவற்றையும் சேர்த்து, ஷட்கண்டாகமத்தின் முதல் ஐந்து கண்டங்களுக்கும் பேருரை எழுதத் தொடங்கினார்.

வீரசேனருக்கு முன்னும் இந்நூலுக்கு உரைகள் இருந்தன. பொன்னூர் மலையோடு நாம் போற்றும் குந்தகுந்தாசாரியார் பரிகர்மம் என்னும் உரையை இயற்றினார். காஞ்சியோடு தொடர்புடையவராகக் கூறப்படும் சமந்தபத்திரரும் ஓர் உரை செய்தார் என்று சுருதாவதாரம் கூறுகிறது. இவையன்றிச் சாமகுண்டர், தும்புலூராசாரியார், பப்பதேவர் ஆகியோரின் உரைகளும் இருந்தன. இவ்வைந்தில் ஒன்றேனும் இன்று இல்லை. பரிகர்மத்திலிருந்து வீரசேனர் ஆங்காங்கு எடுத்தாண்ட பகுதிகள் மட்டுமே அவ்வுரை இருந்ததற்குச் சான்றாக நிற்கின்றன. படியெடுக்கப்படாத நூலுக்கு நேரும் கதி இதுவே.

தவளாவின் அளவும் அமைப்பும்

தவளா 72,000 கிரந்த அளவினது என்பது மரபு. 32 எழுத்துகள் கொண்டது ஒரு கிரந்தம். கணக்கிட்டுப் பார்த்தால் 23 லட்சத்து 4 ஆயிரம் எழுத்துகள் ஆகின்றன. இதனை முடித்தபின், குணதராசாரியாரின் கஷாயபாகுடம் என்னும் நூலுக்கு ஜயதவளா என்னும் உரையைத் தொடங்கி, அதில் 20,000 கிரந்தம் எழுதினார். ஆகவே வீரசேனர் ஒருவரே எழுதியவை 29 லட்சத்து 44 ஆயிரம் எழுத்துகள். மின்விளக்கும் காகிதமும் இல்லாத காலத்தில், ஒரு நாளைக்கு ஒருவேளை மட்டுமே உண்ட ஒரு முனிவர் இதனைச் செய்து முடித்தார்.

நிர்க்கிரந்த முனிவர்கள் எப்பொருளையும் உடைமையாகக் கொள்ளாதவர்கள். அவர்கள் கையில் இருக்கத்தக்கவை மூன்றே: உயிர்களைக் காக்கும் மயிற்பீலி, தூய்மைக்குரிய கமண்டலம், ஞானத்திற்குரிய சாத்திரம். ஆடையையும் துறந்தவர்க்கு ஏடு மட்டும் விலக்கப்படவில்லை. ஞானோபகரணத்திற்கு நம் முன்னோர் அளித்த இடம் எத்தகையது என்பதற்கு இதனினும் சான்று வேண்டுவதில்லை.

தவளாவின் நடை பெரும்பாலும் பிராகிருதம். இடையிடையே வடமொழி கலந்தது. மணியும் பவளமும் கோத்தாற்போன்ற இந்நடை, ஸ்ரீபுராணத்தை மணிப்பிரவாளத்தில் படித்துவரும் தமிழ்ச் சமணர்க்குப் புதிதன்று.

பொருளாலும் இந்நூல் பெரிது. உயிரின் வகை, வினையின் வகை, வினை கட்டும் முறை, விடும் முறை ஆகியவற்றை நுணுக்கமாகக் கூறுவதற்குக் கணிதம் தேவைப்பட்டது. ஓர் எண்ணை எத்தனை முறை பாதியாக்கலாம் என்பதை வீரசேனர் அர்த்தச்சேதம் என்று வழங்குகிறார். 32-ஐப் பாதியாக்கினால் 16, 8, 4, 2, 1 என ஐந்து முறை வரும். ஆகவே 32-இன் அர்த்தச்சேதம் 5. அவ்வாறே மூன்றால் பகுக்கும் முறையும் நான்கால் பகுக்கும் முறையும் அவர் நூலில் உள்ளன. இக்காலப் பள்ளி மாணவர் மடக்கை என்று படிக்கும் கணக்கின் கருத்து இதுவே. ஐரோப்பாவில் மடக்கை அட்டவணை வெளிவந்தது 1614-ஆம் ஆண்டில். இரண்டும் ஒன்றேயென்று நாம் சொல்ல வரவில்லை. ஆயினும் எண்ணூறு ஆண்டுகளுக்கு முன்னரே அக்கருத்து ஒரு திகம்பர முனிவரின் ஏட்டில் இருந்தது என்பது நம் பிள்ளைகள் அறியத்தக்கது.

கணிதத்தினும் நம்மைக் கவர்வது அவருடைய நேர்மை. தென்னாட்டு ஆசிரியர் மரபும் வடநாட்டு ஆசிரியர் மரபும் ஒரு பொருளில் வேறுபடுமிடத்து, வீரசேனர் இரண்டையும் பெயர் சுட்டி எழுதுகிறார். சான்று கிடைத்த இடத்தில் ஒன்றைத் தழுவுகிறார். சான்று கிடைக்காத இடத்தில், கேவலியே முடிவு கூற வல்லவர் ஆதலால் பாவத்திற்கு அஞ்சுவோர் இரண்டையும் பாதுகாக்க வேண்டும் என்று அறிவுறுத்துகிறார். தமக்குப் பிடித்ததை வைத்துக்கொண்டு மற்றதை மறைத்திருந்தால் எவரும் அறிந்திருக்க மாட்டார்கள். அவ்வாறு மறைக்காமையே அவர் பெருமை.

தவளா நிறைவுற்ற ஆண்டு கி.பி. 816 எனப் பேராசிரியர் ஹீராலால் ஜைன் கணித்தார். அதனினும் முற்பட்டது என்னும் கருத்தும் உண்டு. இராஷ்டிரகூட மன்னர்கள் ஆண்ட காலம் அது.

ஆசிரியர் விட்டதை மாணாக்கர் முடித்தல்

ஜயதவளாவில் மூன்றிலொரு பங்கு முடிந்த நிலையில் வீரசேனர் மறைந்தார். எஞ்சிய 40,000 கிரந்தத்தையும் எழுதி முடித்தவர் அவருடைய மாணாக்கர் ஜினசேனாசாரியார். சக ஆண்டு 759, அதாவது கி.பி. 837-இல், அமோகவர்ஷ மன்னர் காலத்தில், அதே வாடகிராமத்தில் அப்பணி நிறைவுற்றது.

ஜினசேனர் தம்மைப் பற்றி எழுதியுள்ள பகுதி உருக்கமானது. காது குத்தும் பருவத்திற்கு முன்னரே குருவை அடைந்தவர் அவர். ஆதலால் தம் செவிகள் ஞானமென்னும் ஊசியால் குத்தப்பெற்றன என்கிறார். தாம் அழகரும் அல்லர், பெருந்திறமையரும் அல்லர், உடல் மெலிந்தவர். ஆயினும் கலைமகள் தம்மை வந்தடைந்தாள் என்றும் கூறிக்கொள்கிறார். இளம் பாலகனாக வந்த ஒருவரை இத்தகைய பேரறிஞராக்கிய வீரசேனர் எத்தகைய ஆசிரியராக இருந்திருப்பார் என்று எண்ணிப் பார்க்கிறோம்.

ஜினசேனர் பின்னர் ஆதிபுராணத்தைத் தொடங்கி 42 பருவங்கள் முடித்து, அடுத்த பருவத்தின் தொடக்கத்தில் மறைந்தார். அதனை அவருடைய மாணாக்கர் குணபத்திரர் நிறைவு செய்து உத்தரபுராணத்தையும் இயற்றினார். இவ்விரண்டும் சேர்ந்த மகாபுராணமே நம் தமிழ் ஸ்ரீபுராணத்திற்கு மூலம். ஆகவே தமிழகத்து ஜினாலயங்களில் ஸ்ரீபுராணம் வாசிக்கப்படும் போதெல்லாம் வீரசேனரின் மாணாக்கர் பரம்பரையே பேசுகிறது எனலாம்.

வண்ண ஏடுகள்

ஒரு முனிவர் எழுதியது ஒரே ஒரு ஏட்டுக்கட்டு. அது நாட்டில் பரவ வேண்டுமாயின் படியெடுக்க வேண்டும். ஓலை தேடிப் பதப்படுத்த வேண்டும். எழுதுவோர்க்கு உணவும் ஊதியமும் வேண்டும். இவற்றை வழங்கும் கடமை இல்லறத்தாருடையது. நால்வகைத் தானங்களுள் சாத்திரதானத்தை வைத்த நம் ஆசாரியர்களின் கருத்து இதுவே.

வீரசேனருக்கு ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகளுக்குப் பின்னர், கருநாடக நாட்டில் தேமியக்கர் என்னும் சிராவகி வாழ்ந்தார். மண்டலிநாட்டுப் புஜபல கங்கப் பெர்மாடிதேவரின் அத்தை அவர். சுருத பஞ்சமி நோன்பை முறைப்படி நிறைவு செய்த அவர், அந்நோன்பின் முடிவில் தவளாவின் படியொன்றை எழுதுவித்து, வன்னியகெரே சைத்தியாலயத்தைச் சேர்ந்த சுபசந்திர சித்தாந்ததேவருக்குத் தானமாக அளித்தார். இச்சுபசந்திரர் ஹொய்சள மன்னர் விஷ்ணுவர்த்தனரின் படைத்தலைவரான கங்கராஜருக்குக் குரு, கி.பி. 1123-இல் மறைந்தவர் என்று சிரவணபெளகொளக் கல்வெட்டு கூறுகிறது. ஒரு பெண்மணி நோன்பு முடித்து அளித்த அத்தானமே வீரசேனரின் குரலை இன்றுவரை காத்துத் தந்தது.

மூடபித்ரியில் பாதுகாக்கப்பெறும் தவளாச் சுவடிகளும் அவற்றைச் சார்ந்த மகாபந்தச் சுவடியும் பழைய கன்னட எழுத்தில் அகன்று நீண்ட தாளியோலையில் எழுதப்பெற்றவை. 12-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தைச் சேர்ந்த இவற்றுள் சில ஏடுகளில் வண்ண ஓவியங்கள் உள்ளன. தென்னாட்டில் கிடைத்துள்ள ஏட்டோவியங்களுள் மிகப் பழமையானவை இவையே எனலாம். விரற்கடை சிலவே அகலமுள்ள ஓலையில், சிவப்பு, மஞ்சள், நீலம், கருமை ஆகிய வண்ணங்களில் தீர்த்தங்கரர், இயக்கர், இயக்கியர், சுருததேவி, முனிவர், வணங்கும் அடியார் ஆகியோர் தீட்டப்பெற்றுள்ளனர். தரணேந்திரன் படம் விரித்துக் காக்கப் பார்சுவநாதர் நிற்கும் காட்சியும், கொடி படர்ந்த பாகுபலியின் தவக்கோலமும், மாமரத்தின் கீழ் அம்பிகையும் அவற்றுள் உண்டு. கழுகுமலையிலும் திருமலையிலும் கல்லில் நாம் கண்டு வணங்கும் அதே வடிவங்களை அங்கே ஓலையில் காணலாம். ஓவியர் எவரும் பார்ப்போரை மயக்குவதற்காக வரையவில்லை. வினைக்கணக்கின் கடுமையான பக்கங்களுக்கு இடையே, அக்கணக்கை வென்றவரின் திருவுருவைக் காட்டிப் படிப்பவரின் மனத்தை ஊக்குவிக்கவே வரைந்தனர்.

அக்காலத்தில் பிற நாட்டுத் துறவியரும் இத்தகைய பணியில் ஈடுபட்டிருந்தனர். அயர்லாந்தின் புகழ்பெற்ற கெல்ஸ் சுவடி ஏறத்தாழ கி.பி. 800-இல் கிறித்தவத் துறவியரால் எழுதி வண்ணம் தீட்டப்பெற்றது. இன்று டப்ளின் நகரத் திரினிட்டிக் கல்லூரியில் உள்ளது. அதாவது வீரசேனர் காலத்தது. அது கன்றின் தோலில் எழுதப்பட்டது. நம்மவர் கொண்டது மரத்தின் ஓலை. நம் நாட்டிலேயே சுவேதாம்பர மரபினரின் ஜெய்சல்மேர்ப் பண்டாரத்தில் கி.பி. 1060-ஆம் ஆண்டைச் சேர்ந்த ஓவிய ஓலைச்சுவடி உள்ளது. மொழியாலும் சமயத்தாலும் வேறுபட்ட இவர்கள் அனைவரும், திருநூலை எழுதுவதையே தவமாகக் கொண்டனர் என்பது எண்ணி மகிழத்தக்கது.

பூட்டிய அறையும் படியெடுத்தோரும்

தவளா மூடபித்ரியில் பாதுகாப்பாக இருந்தது. பிற இடங்களில் இருந்த படிகள் மறைந்தபின், உலகில் வேறெங்கும் இல்லாத நூலாக அது அங்கே எஞ்சியது. யாத்திரை சென்றோர் தொலைவில் நின்று சித்தாந்த தரிசனம் செய்து திரும்பினர். பிற நாட்டுப் பண்டிதர்கள் நூலின் பெயரை மட்டும் அறிந்திருந்தனர். படிப்பவர் இல்லாத நிலையில் ஏடுகள் ஓரம் உதிரத் தொடங்கின. மகாபந்தச் சுவடியில் சில ஏடுகள் அழிந்தே போயின.

1883-ஆம் ஆண்டில் மும்பையைச் சேர்ந்த சேட் மாணிக்கசந்தர் யாத்திரையாக அங்கே சென்று, ஏடுகளின் நிலை கண்டு வருந்தினார். சோலாப்பூர் ஹீராசந்த் நேமிசந்தரும் அவரும் முயன்று, சிரவணபெளகொளத்துப் பிரம்மசூரி சாஸ்திரியாரைக் கொண்டு படியெடுக்க ஏற்பாடு செய்தனர். 1896 முதல் 1922 வரை 26 ஆண்டுகள் அப்பணி நடந்தது. பிரம்மசூரியார் இடையில் மறையவே, கஜபதி உபாத்தியாயர் தொடர்ந்தார். ஆயினும் எடுத்த படியும் மூடபித்ரியை விட்டு வெளியே செல்லலாகாது என்பது நிபந்தனை.

இவ்விடத்தில்தான் வரலாறு நம் மனச்சான்றைச் சோதிக்கிறது. கஜபதி உபாத்தியாயர் பகலில் மடத்திற்காக எழுதியதன்றி, தம் மனைவி இலட்சுமிபாயின் துணையோடு மறைவாகக் கன்னட எழுத்தில் இன்னொரு படியும் எடுத்தார். அப்படி சகாரன்பூர் சென்று சேர்ந்தது. அங்கே அதனை நாகரியில் பெயர்த்தெழுதிய சீதாராம சாஸ்திரியாரும் தமக்கென ஒரு படியை மறைவாக வைத்துக்கொண்டார். அதிலிருந்தே ஆரா, சாகர், காரஞ்சா முதலிய ஊர்களுக்குத் தவளா பரவியது.

கொடாததைக் கொள்ளாமை நம் அணுவிரதங்களுள் ஒன்று. உரியவர் அறியாமல் படியெடுத்தது முறையா என்று வினவினால், முறையென்று கூற நமக்கு நா எழவில்லை. ஆனால் மற்றொரு பக்கமும் உண்டு. அறிவை மறைப்பதும், அறிவைப் பெறுவோர்க்குத் தடை செய்வதும் ஞானாவரணீய வினை வந்து சேர்வதற்குக் காரணங்கள் என்று தத்துவார்த்த சூத்திரம் கூறுகிறது. வினையின் இயல்பை விளக்கும் நூலையே பூட்டி வைத்தால் அந்த வினை யாரைச் சாரும்? காத்தவர்கள் கெட்ட எண்ணத்தால் காக்கவில்லை. சித்தாந்தம் தகுதியற்றோர் கையில் சிக்கலாகாது என்னும் அச்சத்தாலும் பக்தியாலுமே காத்தனர். அவர்கள் காத்திராவிடில் படியெடுக்க ஏடே இருந்திராது. படியெடுத்தோர் எடுத்திராவிடில் காத்ததன் பயன் கிட்டியிராது. இரு சாராரையும் வணங்குவதே நமக்கு நெறி. வேறுபடும் இரண்டையும் பாதுகாக்கச் சொன்ன வீரசேனரும் அவ்வாறே பணித்திருப்பார் என்று நம்புகிறோம்.

பேராசிரியர் ஹீராலால் ஜைன், பண்டிதர் சிலரின் துணையோடு அப்படிகளை ஒப்பிட்டு, 1939-இல் அமராவதியிலிருந்து தவளாவின் முதல் தொகுதியை இந்தி மொழிபெயர்ப்போடு வெளியிட்டார். இல்லறத்தார் சித்தாந்தம் படிக்கலாகாது என்னும் எதிர்ப்பும் அப்போது எழுந்தது. ஆயினும் பணி நிற்கவில்லை. மூடபித்ரியாரும் மனமுவந்து மூல ஏடுகளோடு ஒப்பிட்டுப் பார்க்க இசைந்தனர். ஏறத்தாழ இருபது ஆண்டுகளில் 16 தொகுதிகள் நிறைவுற்றன. ஜயதவளா 1944 முதல் மதுராவிலிருந்தும், மகாபந்தம் 1947 முதல் பாரதிய ஞானபீடத்திலிருந்தும் வெளிவரலாயின. சாந்திசாகர ஆசாரியாரின் ஆணைப்படி சித்தாந்த நூல்கள் செப்பேட்டிலும் பொறிக்கப்பெற்றன. வாடகிராமத்து ஜினாலயத்தில் ஒரு முனிவர் எழுதியதை ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்குப் பின் எவரும் வாங்கிப் படிக்கலாம் என்னும் நிலை உண்டாயிற்று.

நம் கடமை

தாம்பரம், சேலையூர், குரோம்பேட்டை, பல்லாவரம், ஆதம்பாக்கம் ஆகிய பகுதிகளில் இன்று வாழும் நம் குடும்பத்தார் பலர் வந்தவாசி, ஆரணி, செஞ்சி, திண்டிவனம் வட்டாரத்துச் சிற்றூர்களிலிருந்து வந்தவர்கள். ஊரில் உள்ள பூர்வீக வீட்டின் பரணிலோ, பூசை அலமாரியிலோ, ஜினாலயத்துப் பெட்டியிலோ பட்டுத்துணியில் சுற்றிய ஏட்டுக்கட்டு இருக்கக்கூடும். பூசையின் போது அதற்கு மஞ்சளும் சந்தனமும் இட்டு வணங்குகிறோம். அது ஸ்ரீபுராணமா, தோத்திரமா, மருத்துவமா, வீட்டுக் கணக்கா என்று வீட்டில் ஒருவருக்கும் தெரியாது. கிரந்த எழுத்துப் படிக்கத் தெரிந்த தலைமுறை மறைந்துகொண்டே வருகிறது.

ஆகவே சிராவக சிராவகியர்க்கு நாம் கூறுவன சில. முதலாவது, ஏட்டின் மீது ஈரமான மஞ்சளும் சந்தனமும் இடுவதை நிறுத்துக. ஈரம் பூஞ்சையை வளர்க்கும், எழுத்தை மறைக்கும். கட்டின் முன் ஒரு தட்டில் வைத்து வணங்குவதால் பக்தி குறைந்துவிடாது. இரண்டாவது, ஒட்டிக்கொண்ட ஏடுகளைத் தாமே பிரிக்க முயலாதீர். எலுமிச்சம்புல் எண்ணெய் கொண்டு ஏட்டைத் தூய்மை செய்யும் முறை அறிந்தோர் சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகத்தில் உள்ளனர், அவர்களைக் கேட்டறிக. மூன்றாவது, ஏட்டைப் பிறரிடம் கொடுத்துவிட மனமில்லையாயின் கொடுக்க வேண்டுவதில்லை. ஒவ்வோர் ஏட்டையும் இருபுறமும் தெளிவாகப் படம் எடுத்து, அப்படத்தைக் குறைந்தது மூன்று இடங்களில் வைத்திருங்கள். இக்காலத்தில் அதற்குக் கைப்பேசியே போதும். 26 ஆண்டுகள் கை வலிக்க எழுதிய பணியை இன்று ஒரு பிற்பகலில் முடிக்கலாம். நான்காவது, வீட்டுப் பிள்ளைகளுள் ஒருவராவது கிரந்த எழுத்தும் பழைய தமிழ் எழுத்தும் கற்கட்டும். எழுத்து ஐம்பது, அறுபதே. ஒரு கோடை விடுமுறை போதுமானது. கற்க விரும்பும் குழந்தைகளுக்குச் சொல்லித்தர ஓய்வு பெற்ற ஆசிரியர்கள் நம் பகுதியில் பலர் உள்ளோம்.

தேமியக்கர் நோன்பு முடித்து ஏடு எழுதுவித்தார். இலட்சுமிபாய் கணவரின் அருகிலிருந்து எழுதினார். நம் இல்லத்துப் பெண்களும் அடுத்த சுருத பஞ்சமிக்கு முன் வீட்டிலுள்ள கட்டை அவிழ்த்து, முதல் ஏட்டில் என்ன எழுதியிருக்கிறது என்று ஒருவரைக் கொண்டு படிக்கச் சொல்லிக் கேட்பார்களாயின், வீரசேனாசாரியாரின் திருவடிக்கு அதுவே தக்க வழிபாடாகும்.

ஜினவாணி வாழ்க! அறம் வளர்க!